சக்கரவர்த்தியின் பஞ்சாங்க ஆபீஸ்

பீஜிங்கில் ஜியாங்குவோமென் என்று ஒரு மெட்ரோ ஸ்டேஷன். ஒண்ணாம் நம்பர் லைனும் ரெண்டாம் நம்பர் லைனும் சந்திக்கிற இடம். காலை வேளையில் அங்கே இறங்கினால் நீங்கள் நடக்கவே வேண்டாம். கூட்டமே உங்களைத் தூக்கிக்கொண்டு போய் வெளியே போட்டுவிடும். எல்லோரும் ஆபீஸ் போகிறவர்கள். அத்தனை பேர் முகத்திலும் 'லேட்' என்று எழுதி ஒட்டியிருக்கிறது. சீன எழுத்து ஒன்றுகூடத் தெரியாத எனக்கு இந்த ஒரு எழுத்து மட்டும் சுலபமாகப் புரிந்தது!

வெளியே வந்தால் இரண்டாவது ரிங் ரோடு. மேம்பாலம். கண்ணாடி கண்ணாடியாகக் கட்டடங்கள். அத்தனைக்கும் நடுவில், கோட்டைச் சுவரிலிருந்து ஒரு துண்டை வெட்டி வைத்த மாதிரி சாம்பல் நிறச் செங்கல்லில் ஒரு சதுர மேடை. சுமார் நாலு மாடி உயரம். உச்சியில் வெண்கல வளையங்களும், அவற்றைத் தாங்கும் டிராகன்களும் வானத்தில் கோடு போட்டுக்கொண்டு நிற்கின்றன.

"மாப்ளே, இதான் அந்தக் காலத்து டைம் ஆபீஸ்" என்றான் நண்பன். என்னோடு பி.காம். படித்தவன். இப்போது பீஜிங்கில் ஏற்றுமதி கம்பெனி ஒன்றில் கணக்குப் பார்க்கிறான்.

மில்லில் வேலை பார்த்தவர்களுக்கு டைம் ஆபீஸ் தெரியும். கேட்டுக்குப் பக்கத்திலேயே இருக்கும். கார்டு பஞ்ச் பண்ண சில நிமிஷம் பிந்தினால் அரை நாள் சம்பளம் அவுட். இந்த டைம் ஆபீஸில் கணக்குத் தப்பினால் தலையே அவுட். அதுவும் யார் தலை? ஆபீஸர் தலையா? பொறுங்கள், வருகிறேன்.

மேடை கட்டப்பட்டது 1442-ல். மிங் வம்ச காலம். அப்போது இது நகரத்துக் கோட்டைச் சுவரோடு ஒட்டியிருந்தது. பிற்பாடு மெட்ரோவுக்கும் ரிங் ரோடுக்கும் சுவரை இடித்தார்கள். மேடை மட்டும் தப்பியது. 1929 வரை இங்கே வேலை நடந்திருக்கிறது. கிட்டத்தட்ட ஐந்நூறு வருஷம் ஒரே இடத்தில் ஒரே டிபார்ட்மெண்ட்! நம்மில் பலர் ஒரு சீட்டில் ஐந்து வருஷம் தாக்குப் பிடிப்பதில்லை.

டிபார்ட்மெண்ட்டின் வேலை என்ன? வருஷா வருஷம் பஞ்சாங்கம் போடுவது. இவ்வளவுதானா என்று கேட்காதீர்கள். சீனச் சக்கரவர்த்தி என்பவர் வானத்தின் புதல்வன். வானத்தில் என்ன நடக்கப் போகிறது என்பது அப்பாவுக்கு அடுத்தபடியாகப் பிள்ளைக்குத்தானே தெரிந்திருக்க வேண்டும்? கிரகணம் சொன்ன நேரத்துக்கு வரவில்லை என்றால் வானத்துக்கும் அரண்மனைக்கும் பேச்சுவார்த்தை இல்லை என்று ஊர் பேச ஆரம்பித்துவிடும். அதனால் பஞ்சாங்கம் அரசாங்கத்தின் ஏகபோகம். மிங் காலத்தில் கள்ளப் பஞ்சாங்கம் அச்சடித்தால் தலையை வெட்டுவார்கள். காட்டிக் கொடுத்தவருக்கு ஐம்பது தேல் வெள்ளி பரிசு. கொரியா மாதிரிக் கப்பம் கட்டுகிற நாடுகளுக்கு வருஷா வருஷம் இங்கிருந்து பஞ்சாங்கம் போகும். அதைப் பணிவாகக் கையில் வாங்கிக்கொண்டால் 'நீதான் எஜமான்' என்று ஒப்புக்கொண்டதாக அர்த்தம்.

இந்த ஆபீஸைத்தான் பதினேழாம் நூற்றாண்டில், உலகத்தின் மறுகோடியிலிருந்து வந்த ஒரு சாமியார் கூட்டம் தன் கைக்குள் கொண்டுவந்தது. துப்பாக்கி இல்லை, பட்டாளம் இல்லை. கையில் இருந்தது கணக்கு நோட்டு. ஏசு சபைப் பாதிரிமார்கள். மதுரைப் பக்கத்தில் இவர்களை நமக்கு நன்றாகவே தெரியும். 1606-ல் மதுரைக்கு வந்து, காவி கட்டி, சைவம் சாப்பிட்டு, 'தத்துவ போதகர்' என்று பெயர் வைத்துக்கொண்டாரே ராபர்ட் டி நொபிலி, அவரும் இதே சபைதான். ஊருக்கு ஊர் வேஷம் வேறு; சரக்கு ஒன்று. மதுரையில் காவி. பீஜிங்கில் சீன அறிஞர்களின் பட்டு அங்கி.

முதலில் வந்தவர் மத்தேயோ ரிச்சி, இத்தாலிக்காரர். வருகிற வழியில் கோவாவில் தங்கி, 1580-ல் நம் பக்கத்துக் கொச்சியில்தான் குருப்பட்டம் வாங்கினார். பீஜிங்குக்கு வந்து சேர்ந்தது 1601-ல். வான்லி சக்கரவர்த்திக்கு என்ன கொண்டுவந்தார் தெரியுமா? தானாகவே மணி அடிக்கிற கடிகாரம்!

அங்கேதான் ஆசாமியின் சாமர்த்தியம். யானையைக் கொடுத்தால் தீனி போட்டுக் கட்டிவைத்து மறந்துவிடுவார்கள். கடிகாரத்துக்குச் சாவி கொடுக்க வேண்டும். சாவி கொடுக்கத் தெரிந்தவன் அரண்மனையில் ஒருவனும் இல்லை. பாதிரியார் அரண்மனை ஊழியர்களுக்கு வகுப்பு எடுத்தார். அப்புறம் கடிகாரம் மக்கர் பண்ணும்போதெல்லாம் 'கூப்பிடு அந்தத் தாடிக்காரரை!' இந்தக் காலத்தில் கம்பெனிகள் மெஷினைச் சலுகை விலைக்குக் கொடுத்துவிட்டு சர்வீஸ் கான்ட்ராக்டில் சம்பாதிக்கின்றன அல்லவா? அந்த வியாபார ரகசியத்துக்கு வயது நானூறுக்கு மேல். பிற்காலத்தில் ஷாங்காய் கடிகாரத் தொழிலாளிகள் ரிச்சியைத் தங்கள் தொழிலுக்குக் காவல் தெய்வமாகவே வைத்துக் கும்பிட்டிருக்கிறார்கள். ஞானஸ்நானம் கொடுக்க வந்தவருக்குக் கற்பூரம்!

ரிச்சிக்கு ரோமில் கணக்குச் சொல்லிக் கொடுத்த வாத்தியார் கிளாவியஸ். இவரும் ஏசு சபைதான். நம் ஆபீஸ் சுவரில் தொங்குகிற கிரிகோரியன் காலண்டர் இருக்கிறதே, அதற்குக் கணக்குப் பார்த்தவர்களில் ஒருவர். 1582-ல் அக்டோபர் 4-ஆம் தேதிக்கு மறுநாள் அக்டோபர் 15 என்று போப் அறிவித்தார் இல்லையா? பத்து நாளை முழுங்கி ஏப்பம் விட்ட அந்தக் கமிட்டியில் இருந்த வாத்தியாரின் மாணவன்தான் சீனாவுக்கு வருகிறான். வந்து பார்த்தால், சீனப் பஞ்சாங்கம் உதைக்கிறது. கிரகணம் ஆபீஸ் சொல்கிற நேரத்துக்கு வருவதில்லை. 1605-லேயே ரோமுக்குக் கடிதம் எழுதிவிட்டார்: 'உபதேசியாரோடு ஒரு நல்ல ஜோதிக் கணக்கரையும் அனுப்புங்கள்' என்கிற ரீதியில். ஐந்து வருஷத்தில் போய்ச் சேர்ந்தும் விட்டார். ஆள் வந்தது அதற்கப்புறம்.

மேடைக்கு ஏறுவதற்கு முன்னால் கீழே ஒரு முற்றம். மரங்கள், பழைய கூடங்கள், வெளிச் சத்தம் அவ்வளவாகக் கேட்காத ஒரு நிழல். அங்கே மிங் காலத்துக் கருவிகளின் நகல்களை வைத்திருக்கிறார்கள். ஒரு வளையத்தைச் சுற்றிக் கோடு கோடாகப் பாகை குறித்திருக்கிறது.

"எத்தனை டிகிரின்னு நினைக்கிறே?" என்றான் நண்பன்.

"வட்டம்னா முன்னூத்தி அறுபது. இதுல என்ன ட்ரிக்கு?"

"முன்னூத்தி அறுபத்தஞ்சே கால்!"

சூரியன் ஒரு நாளைக்கு ஒரு பாகை நகர வேண்டும், வருஷத்துக்கு 365¼ நாள், ஆகவே வட்டத்துக்கு 365¼ பாகை. யோசித்துப் பார்த்தால் இதுதான் நேர்மையான கணக்கு. ஆனால் வகுக்கும்போதுதான் வலி தெரியும். பாதிரிமார்கள் இதை 360 ஆக்கினார்கள். அதோடு விட்டார்களா? அதுவரை சீன நாளுக்கு நூறு 'கெ'. அதாவது, ஒரு பகலிரவை நூறாகப் பிரிப்பார்கள். இதைத் தொண்ணூற்றாறு ஆக்கினார்கள். அப்போதுதான் மணிக்கு நாலு என்று சுத்தமாக வகுபடும். இன்றைக்கும் பீஜிங்கில் யாரிடமாவது மணி கேட்டால், இரண்டே காலுக்கு 'இரண்டு மணி, ஒரு கெ' என்றுதான் பதில் வரும். அந்தக் 'கெ' சீனச் சொல். பதினைந்து நிமிஷம் என்கிற அதன் நீளம் பாதிரியார் வெட்டிக் கொடுத்தது.

1629-ல் ஒரு சூரிய கிரகணம். பழைய முறைக்காரர்கள் சொன்னது தப்பாகப் போய், ஷூ குவாங்ச்சி என்கிற பெரிய சீன அதிகாரி (கிறிஸ்தவராக மாறியவர்) மேற்கத்திய முறையில் போட்ட கணக்கு சரியாக வந்தது. உடனே பஞ்சாங்கத் திருத்தத்துக்கு ஒரு தனி அலுவலகம். அதில் பாதிரிமார்கள். இதிலும் ஒரு வேடிக்கை. அங்கே முதலில் வேலை பார்த்த யோஹான் ஷ்ரெக், கலீலியோ இருந்த அதே விஞ்ஞானக் கழகத்தில் உறுப்பினர். 'கிரகணக் கணக்கில் கொஞ்சம் உதவி பண்ணுங்கள்' என்று ஆள் மூலம் கேட்டுப் பார்த்தார். கலீலியோ கண்டுகொள்ளவில்லை. சர்ச்சுக்கும் அவருக்கும் ஏற்கெனவே லடாய். உதவி வந்தது கெப்ளரிடமிருந்து. அவரோ எதிர் முகாம், புராட்டஸ்டண்ட்!

1644. மிங் வம்சம் காலி. வடக்கிலிருந்து மஞ்சுக்கள் வந்து பீஜிங்கைப் பிடித்தார்கள். ஊரே மூட்டை கட்ட, ஆடம் ஷால் என்கிற ஜெர்மன் பாதிரியார் மட்டும் நகரவில்லை. புது எஜமானர்களிடம் போய், 'செப்டம்பர் 1-ஆம் தேதி கிரகணம் இருக்கிறது, நேரம் இது' என்று எழுதிக் கொடுத்தார். அச்சாக அப்படியே நடந்தது. பழைய முறைக்காரர்கள், முஸ்லிம் வானியலார்கள் (மங்கோலியர் காலத்திலிருந்தே அரசவையில் இருந்தவர்கள்) இரண்டு தரப்பையும் ஓரம்கட்டி, பஞ்சாங்க ஆபீஸுக்கு ஷால் டைரக்டர் ஆகிவிட்டார்! சின்ன வயது ஷுன்ஜி சக்கரவர்த்தி அவரைத் 'தாத்தா' என்றுதான் கூப்பிடுவாராம். பஞ்சாங்கத்தின் அட்டையில் 'மேற்கத்திய புதிய முறைப்படி' என்று அச்சிட்டார்கள்.

அந்த ஒரு வரிதான் வினை. ஒரு ஆபீஸில் இரண்டு கோஷ்டி இருந்தாலே மத்தியானம் டிபன் டப்பா திறக்க முடியாது. இங்கே மூன்று கோஷ்டி, மூன்று கணக்கு, ஒரே ஒரு டைரக்டர் நாற்காலி. அதில் உட்கார்ந்திருப்பவர் வெளிநாட்டுக்காரர்!

போதாததற்குச் சொந்தச் சபையிலேயே தகராறு. சீனப் பஞ்சாங்கம் வெறும் தேதிப் பட்டியல் கிடையாது. இன்று கல்யாணம் பண்ணலாம், இன்று வீட்டுக்குக் கால்கோள் நடலாம், இன்று முடிகூட வெட்டக்கூடாது என்று நல்ல நாள் கெட்ட நாள் அத்தனையும் இருக்கும். நம் ராகுகாலம், எமகண்டம், சூலம் மாதிரி. இதற்கெல்லாம் ஒரு கத்தோலிக்கக் குருவானவர் சீல் குத்தலாமா? 'கூடவே கூடாது, ஷாலை ராஜினாமா பண்ணச் சொல்லுங்கள்' என்று கூட இருந்த போர்ச்சுக்கீசியப் பாதிரியார் ரோமுக்குப் புகார் எழுதினார். வருஷக்கணக்கில் ஃபைல் ஓடியது. ஷாலின் சமாதானம்: கணக்கு என் பொறுப்பு, நல்ல நாள் பார்ப்பது என் கீழே உள்ள வேறு செக்ஷன்.

ஸார், 'அது வேற செக்ஷன்' என்ற பதில் உலகத்தில் எந்த ஆபீஸரையாவது காப்பாற்றியிருக்கிறதா?

1658-ல் சக்கரவர்த்திக்குப் பிறந்த ஒரு குழந்தை சில மாதங்களிலேயே இறந்துபோயிற்று. அடக்கம் செய்ய நாளும் நேரமும் குறித்துக் கொடுத்தது பஞ்சாங்க ஆபீஸ். அப்புறம் 1660-ல் குழந்தையின் தாய் போனார். 1661-ல் சக்கரவர்த்தியே பெரியம்மையில் போனார். பட்டத்துக்கு வந்த காங்ஷிக்கு வயது ஆறு முடிந்து ஏழு நடக்கிறது. ராஜ்யம் நாலு மந்திரிகள் கையில். இந்தச் சமயம் பார்த்து யாங் குவாங்ஷியான் என்பவர் மனு போட்டார். பாதிரிகள் ராஜதுரோகிகள், மதம் பொய் மதம், பஞ்சாங்கம் தப்புப் பஞ்சாங்கம். அதோடு, குழந்தையை அடக்கம் செய்யக் கெட்ட நேரம் குறித்துத் தாயையும் சக்கரவர்த்தியையும் சாகடித்தார்கள்!

1664-ல் கைது. ஷாலுக்கு எழுபது தாண்டிவிட்டது. அந்த வருஷம்தான் பக்கவாதம் தாக்கி, வாய் பேச வராது. விலங்கோடு நிறுத்தி விசாரித்தபோது அவருக்குப் பதில் பேசியவர் கூட இருந்த பெல்ஜியத்துப் பாதிரியார் ஃபெர்டினாண்ட் வெர்பீஸ்ட். சிறையில் இருந்தபடியே இவர்கள் கணித்துக் கொடுத்த 1665 ஜனவரி கிரகணம் சொன்னபடியே வந்தது. சரியாக வந்து என்ன பண்ண? கேஸ் கிரகணத்தைப் பற்றியது இல்லையே. ஏப்ரலில் தீர்ப்பு: ஷாலை அங்கம் அங்கமாக அறுத்துக் கொல்ல வேண்டும்.

அந்தச் சமயத்தில் பீஜிங்கில் நிலநடுக்கம். வானத்தில் ஏற்கெனவே வால்நட்சத்திரம் வேறு. வானத்துக்குக் கோபம் என்று எல்லோருக்கும் உதறல். சக்கரவர்த்தியின் பாட்டியும் கிழவருக்காகப் பரிந்து பேசினார். தண்டனை ரத்து. ஷால் வீட்டுக்கு வந்து அடுத்த வருஷம் ஆகஸ்டில் படுக்கையில் இறந்தார்.

ஆனால் ஆபீஸில் உட்கார்ந்து கணக்குப் போட்ட சீனச் சிப்பந்திகள்? அவர்களுக்கு நிலநடுக்கம் உதவவில்லை. லீ ஸூபாய், ஸோங் கெசெங், ஸோங் ஃபா, ஜூ குவாங்ஷியான், லியூ யௌதாய். ஐந்து பேர். ஐந்து பேருக்கும் சிரச்சேதம். எல்லோரும் கிறிஸ்தவர்களாக மாறியவர்கள்; பாதிரியாரின் கணக்கைச் சீன எழுத்தில் பஞ்சாங்கமாக்கியவர்கள். மேலே இருந்தவருக்குப் பாட்டி இருந்தார், கீழே இருந்தவர்களுக்கு இல்லை. ரிங் ரோடு இரைச்சலுக்கு நடுவில் இந்த ஐந்து பெயரையும் நண்பன் நோட்டில் எழுதிக் கொடுத்தான். உச்சரிப்பு தப்பாக இருந்தால் மன்னிக்கட்டும். எத்தனையோ புத்தகங்களில் 'மற்றும் ஐவர்' என்று ஒரே வரியில் முடிந்துபோகிறவர்கள்.

சரி, மனுப் போட்ட யாங்குக்கு என்ன ஆச்சு? டைரக்டர் வேலையைத் தூக்கி அவர் கையில் கொடுத்தார்கள்! மனிதர் ஆடிப்போய்விட்டார். ஐயா, எனக்குத் தத்துவம்தான் தெரியும், கணக்குத் தெரியாது என்று மனு மேல் மனுவாகப் போட்டுக் கெஞ்சினார். விடவில்லை. குறை சொல்லிக்கொண்டே இருந்தவனை நாற்காலியில் உட்காரவைத்து வேடிக்கை பார்ப்பது பழைய தண்டனை போலிருக்கிறது. மேல்நாட்டான் இருப்பதற்கு நல்ல பஞ்சாங்கம் இல்லாமலே இருந்துவிடலாம் என்பது அவருடைய கட்சி. அவர் ஆபீஸிலிருந்து நல்ல பஞ்சாங்கம் வராமலே இருந்தது.

1668 டிசம்பர். காங்ஷிக்குப் பதினாலு வயது. ஸ்கூல் பையன் வயது. மந்திரிகளை மீறி ஒரு காரியம் பண்ணினான். இரண்டு தரப்பையும் கூப்பிட்டு, 'யார் சரி என்று எப்படிக் கண்டுபிடிப்பது?' என்று கேட்டான். வெர்பீஸ்ட் சொன்ன வழி: ஒரு கம்பம் நடுங்கள். நாளை உச்சி வேளையில் அதன் நிழல் எவ்வளவு நீளம் இருக்கும் என்று இன்றைக்கே சொல்லட்டும். எந்த மந்திரிக்கும் வானியல் தெரிய வேண்டாம். நிழல் கோட்டைத் தொடுகிறதா இல்லையா என்று பார்க்கக் கண் இருந்தால் போதும்.

டிசம்பர் 27, 28, 29. மூன்று நாள் பரீட்சை. மூன்று நாளும் வெர்பீஸ்ட் போட்ட கோட்டில் நிழல் வந்து நின்றது.

இந்தக் கதையில் எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதுதான். மனு, மறுமனு, வால்நட்சத்திரம், பாட்டி சிபாரிசு, ஐந்து உயிர்... அத்தனையும் நடந்து முடிந்தபிறகு வழக்கைத் தீர்த்து வைத்தது ஒரு குச்சியும் குளிர்கால வெயிலும். இதை நாலு வருஷம் முன்னாடியே நட்டிருக்கக் கூடாதா? நடலாம்தான். கேட்பதற்குத்தான் ஒரு பதினாலு வயசுப் பையன் வேண்டியிருந்தது. 'அன்றைக்கு என் மந்திரிகளில் ஒருவருக்கும் அந்த நிழல் விவகாரம் புரியவில்லை, அதனால் நானே கணக்குப் படித்தேன்' என்று பின்னாளில் காங்ஷி தன் பிள்ளைகளிடம் சொன்னாராம். வாத்தியார், வேறு யார்? வெர்பீஸ்ட்.

அடுத்து யாங்கின் பஞ்சாங்கத்தை ஆடிட் பண்ணும் வேலை வெர்பீஸ்டிடம் வந்தது. பக்கத்துக்குப் பக்கம் பிழை. அதில் பெரிய பிழை, 1669-க்குப் போட்ட பஞ்சாங்கத்தில் ஒரு முழு மாசமே உபரி! சீன மாதம் சந்திரக் கணக்கு. சூரியனோடு சரிக்கட்ட இரண்டு மூன்று வருஷத்துக்கு ஒருமுறை ஒரு மாதம் கூடுதலாகச் சேர்ப்பார்கள். நம் தெலுங்கு, கன்னட நண்பர்களுக்கு 'அதிக மாசம்' வருமே, அதே சமாச்சாரம். அடுத்த வருஷக் கணக்கில் வர வேண்டிய அதிக மாதத்தை யாங் இந்த வருஷத்திலேயே எழுதிவிட்டார். இதை எந்த அக்கவுண்டண்ட் மன்னிப்பான்? ஆனால் பஞ்சாங்கம் அச்சாகி ராஜ்யம் முழுக்கப் போய்விட்டது. வாபஸ் வாங்கினால் வானத்தின் புதல்வனுக்கு மாதம் எண்ணத் தெரியவில்லை என்று ஆகும். மந்திரிகள் 'ரகசியமாக ஏதாவது பண்ண முடியாதா?' என்று வெர்பீஸ்டைப் பார்க்க, அவர் மாட்டேன் என்று நின்றார். மாதம் ரத்து!

"அந்த மாசத்துக்கு அட்வான்ஸா வாடகை கொடுத்தவன் கதி?" என்றான் நண்பன். நல்ல கேள்வி.

யாங்குக்கு மரண தண்டனை விதித்து, வயதைப் பார்த்து விட்டுவிட்டார்கள். ஊருக்குப் போகிற வழியிலேயே இறந்துபோனார். ஷாலுக்கும் அந்த ஐந்து பேருக்கும் 1669-ல் பழைய மரியாதையும் பதவியும் திரும்பக் கிடைத்தன. பதவி திரும்பியது. தலை?

இப்போது மாடிக்கு ஏறலாம். மேலே எட்டு வெண்கலக் கருவிகள். அதில் ஆறு வெர்பீஸ்ட் செய்தவை. 1673 வாக்கில் முடிந்தன. வளையமும் பாகையும் ஐரோப்பா. தாங்கிப் பிடிக்கும் டிராகனும் மேகமும் சீனா. ஒரு டிராகன் வாயைப் பிளந்துகொண்டு அச்சு அசலான லோக்கல் ஆள் மாதிரி உறுமுகிறது. முதுகில் சுமப்பது என்னவோ 360 டிகிரி. பெரிய உருண்டை ஒன்று, மேலெல்லாம் நட்சத்திரங்கள் பொட்டுப் பொட்டாக. வெயிலில் தொட்டால் சுடும் என்று நினைக்கிறேன்; தொட விடுவதில்லை.

கவனித்துப் பார்த்தால் ஒன்று இடிக்கும். ஒரு தொலைநோக்கிகூட இல்லை! கலீலியோ தொலைநோக்கியால் வானத்தைப் பார்த்து அறுபது வருஷம் ஆகியும், ஷாலே 1626-ல் சீன மொழியில் தொலைநோக்கி பற்றிப் புத்தகம் எழுதியும், இங்கே எல்லாமே வெறும் கண்ணால் பார்க்கிற கருவிகள். டைகோ பிராஹி என்ற டென்மார்க்காரரின் பாணி. சூரியன்தான் நடுவில் என்று சொல்ல ரோமாபுரியில் தடை. 1633-ல் கலீலியோவுக்கு நடந்தது எல்லோருக்கும் தெரியும். ஆகவே பூமியை நடுவில் வைத்தே கணக்குப் போட்டார்கள். நிழல் இம்மி பிசகாமல் வந்தது. சூரியன் எங்கே இருக்கிறது என்பதைத்தான் வாய்விட்டுச் சொல்ல முடியவில்லை. நூறு வருஷத்துக்கு அப்புறம், 1760-களில்தான் இன்னொரு ஏசு சபைக்காரர் அதைச் சக்கரவர்த்தியிடம் விளக்கமாகச் சொன்னார். 1773-ல் போப்பே சபையைக் கலைத்துவிட்டார். அதுவரை பாதிரிமார்கள்தான் இந்த ஆபீஸின் பெரிய நாற்காலியில்.

கருவிகளின் பிற்காலக் கதை தனிக் கூத்து. 1900-ல் பாக்ஸர் கலகம். எட்டு நாட்டுப் பட்டாளம் பீஜிங்கில் புகுந்தது. பிரெஞ்சுக்காரரும் ஜெர்மானியரும் இந்த மேடைக்கு வந்து 'உனக்கு அஞ்சு, எனக்கு அஞ்சு' என்று பாகப்பிரிவினை நடத்தினார்கள். பிரெஞ்சுப் பங்கு தூதரகத்தோடு நின்று 1902-ல் திரும்பியது. ஜெர்மன் பங்கு கப்பலேறி பாட்ஸ்டாம் அரண்மனைத் தோட்டத்துக்கே போய்விட்டது. முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்று, 1919 வெர்சாய் ஒப்பந்தத்தில் 131-ஆவது ஷரத்தாக 'சீனாவின் வானியல் கருவிகளைத் திருப்பிக் கொடு' என்று எழுதினார்கள். அதே ஒப்பந்தத்தில் ஜெர்மனி வசம் இருந்த ஷான்டுங் உரிமைகளைத் தூக்கி ஜப்பானுக்குக் கொடுத்துவிட்டார்கள். வயலை அடுத்தவனுக்கு எழுதி வைத்துவிட்டு, 'இந்தா உன் மண்வெட்டி' என்கிற மாதிரி. சீனா கையெழுத்துப் போட மறுத்தது. மண்வெட்டி மட்டும் 1921-ல் வந்து சேர்ந்தது.

அன்று மத்தியானம் கல்லறைகளைப் பார்க்கப் போனோம். நகரத்தின் மேற்குப் பக்கம், ஒரு கல்லூரி வளாகத்துக்குள்ளே. சாதாரணக் கல்லூரி என்று நினைத்துவிடாதீர்கள். பீஜிங் நகரக் கம்யூனிஸ்ட் கட்சியின் பயிற்சிக் கல்லூரி! ரிச்சிக்குச் சக்கரவர்த்தி கொடுத்த இடுகாட்டு நிலம் கைமாறிக் கைமாறி இப்படி ஆகியிருக்கிறது. முன் அனுமதி வேண்டும். நண்பனின் ஆபீஸில் இருந்த ஒரு சீன அம்மாள் நாலைந்து போன் போட்டு ஏற்பாடு செய்து கொடுத்தார். 1900-ல் கலகக்காரர்கள் உடைத்ததும், கலாச்சாரப் புரட்சியின்போது கற்களை மண்ணுக்குள் புதைத்ததும் போக, பிற்பாடு எடுத்து நிறுத்தி மரத்தடியில் சுத்தமாக வைத்திருக்கிறார்கள்.

ரிச்சி, ஷால், வெர்பீஸ்ட். மூன்று கற்கள் பக்கத்தில் பக்கத்தில். தலைப்பில் டிராகன். கீழே ஒரு பாதி சீனம், ஒரு பாதி லத்தீன். இறந்த வருஷத்தையும் இரண்டு விதமாகவே வெட்டியிருக்கிறது: லத்தீனில் கிறிஸ்து ஆண்டு, சீனத்தில் சக்கரவர்த்தி ஆண்டு.

நண்பன் ரிச்சியின் கல்லில் சீன வரிகளை விரல் வைத்து எழுத்துக் கூட்டினான். "உலகத்தில் வாழ்ந்தது ஐம்பத்தொன்பது வருஷம்னு போட்டிருக்கு."

கணக்குப் போட்டுப் பார்த்தேன். பிறந்தது 1552 அக்டோபர். இறந்தது 1610 மே. ஐம்பத்தேழுதானே வருகிறது?

"பொறந்த அன்னிக்கே ஒரு வயசு மாப்ளே. அப்புறம் ஒவ்வொரு புது வருஷத்துக்கும் ஒண்ணு. இந்த ஊர்ப் பழைய கணக்கு அப்படி."

"அப்ப இந்தக் கணக்குல நம்ம ரெண்டு பேருக்கும் என்ன வயசு?"

விரல் விட்டு எண்ணியவன் சட்டென்று நிறுத்திக்கொண்டான். "வேணாம்டா. ஆபீஸ்ல தெரிஞ்சா ரெண்டு வருஷம் முன்னாடியே ரிடயர் பண்ணிடுவான்."